இரண்டாம் நாள் வலி எங்கே போனது?

புதிதாக வேலைக்கு வந்திருக்கும் பிள்ளைகளே, சொட்டு மருந்துப் புட்டியை எப்படிப் பிடிப்பது, கண்ணுக்கு மேல் பேண்டேஜை எப்படி ஒட்டுவது என்றெல்லாம் சொல்லிக்கொடுக்க உங்களுக்கு ஆள் இருக்கிறார்கள். என்னைவிட நன்றாகவே சொல்லிக்கொடுப்பார்கள். நான் ஓய்வு பெற்று இரண்டு வருஷமாகிறது. இப்போது மெஷினெல்லாம் மாறிவிட்டதாம். அதைப் பற்றி நான் வாயைத் திறந்தால் நீங்களே சிரிப்பீர்கள்.

நான் சொல்ல வந்தது வேறு. நம் கண் ஆஸ்பத்திரியின் அருப்புக்கோட்டைக் கிளையில் கடைசிப் பன்னிரண்டு வருஷம், கண்ணாடியை விட்டுவிட லேசர் செய்துகொள்ள வருகிறவர்களிடம் முன்னும் பின்னும் பேசுவதுதான் எனக்கு வேலை. எதற்குப் பயப்பட வேண்டும், எதற்குப் பயப்பட வேண்டாம், எத்தனை நாள் வலிக்கும், வலித்தால் என்ன செய்யலாம் என்று நான்தான் சொல்வேன். லேசர் நாளன்று அவர்களோடு மதுரைப் பெரிய ஆஸ்பத்திரிக்கும் போய்க் கையைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். வீட்டுக்குப் போன பிறகு தினமும் போன் பண்ணுவேன். என் பேச்சில் எனக்கு ஏகப்பட்ட கர்வம் இருந்தது. அது எப்படி உடைந்தது என்பதைத்தான் சொல்லப்போகிறேன்.

முதலில், அந்தப் பேச்சை நான் எங்கே கற்றேன் என்று சொல்லிவிடுகிறேன்.

ஆரம்பத்தில் என் பேச்சு ஒரே வரிதான். "ஒண்ணுமே தெரியாது, வலிக்கவே வலிக்காது." எல்லாருக்கும் அதையே சொல்லி அனுப்பிக்கொண்டிருந்தேன். நரிக்குடிப் பக்கத்திலிருந்து ஒருவர் வந்தார். முப்பது வயதிருக்கும். சீமைக்கருவேலம் வெட்டி, மண்ணால் மூடி எரித்துக் கரிமூட்டம் போடுகிறவர். வியர்வையில் கண்ணாடி வழுக்கிக்கொண்டே இருக்கிறது என்று லேசருக்கு வந்தவர். அவரையும் அந்த ஒரு வரியோடு மேஜையில் படுக்க வைத்தேன். லேசர் ஓட ஆரம்பித்துச் சில நொடிதான் ஆகியிருக்கும். "ஏலே, மூட்டம் வெடிச்சிருச்சு!" என்று கத்திக்கொண்டு எழுந்து உட்கார்ந்துவிட்டார். தலை மெஷினில் இடித்தது. கண் விலகியதும் மெஷின் தானாக நின்றுபோனதால் தப்பித்தோம்.

லேசர் படும்போது முடி கருகுகிற மாதிரி ஒரு வாடை வரும். நீங்கள் பார்த்திருப்பீர்கள். எனக்கு அது பழகிப்போன வாடை, அதனால் சொல்லவே தோன்றவில்லை. அவரைத் திட்டத்தான் வாயெடுத்தேன். அவரே முந்திக்கொண்டார்.

"கருகுற வாடை வந்தா எப்படி சிஸ்டர் படுத்துக்கிடக்க முடியும்? மூட்டத்துல ஒரு ஓட்டை விழுந்து காத்து உள்ள போயிருச்சுன்னா, போட்ட விறகு அம்புட்டும் சாம்பலு. வாடை வந்தா தூக்கத்துலகூட எந்திரிச்சு ஓடிருவோம்."

மனுஷன் சொன்னதில் என்ன தப்பு? அவருடைய தொழில் அவருக்குக் கற்றுக்கொடுத்ததை அவர் உடம்பு செய்தது. நான்தான் மடச்சி. அன்றிலிருந்து வாடை, வெளிச்சம், கண்ணில் ஊற்றும் சில்லென்ற தண்ணீர், இமையைப் பிடிக்கும் கம்பி என்று ஒன்றுவிடாமல் முன்கூட்டியே சொல்ல ஆரம்பித்தேன். வீட்டுக்குப் போன பிறகு வருவதையும் சொன்னேன். மேற்பரப்பில் செய்கிற லேசர் என்றால் முதல் நாள் மண் விழுந்த மாதிரி உறுத்தும், இரண்டாம் நாள் மிளகாய் பட்ட மாதிரி எரியும், கண்ணீர் கொட்டும், மூன்றாம் நாளிலிருந்து இறங்கும், ஐந்தாம் நாள் வந்தால் காயத்துக்கு மேல் வைத்த லென்ஸை எடுத்துவிடுவோம் என்பேன். சொன்னது சொன்னபடி நடந்தது. வலிக்கும் என்று தெரிந்து வலித்தால் ஜனங்கள் தாங்கிக்கொள்கிறார்கள். "நீங்க சொன்ன மாதிரியே வலிச்சுச்சுக்கா" என்று சிரித்துக்கொண்டே வந்து சொல்வார்கள். எனக்குத் தலை கொஞ்சம் கனத்துவிட்டது.

அந்த நேரத்தில்தான் பாண்டிமீனா வந்தாள்.

பரளச்சிக்காரி. இருபத்தொரு வயது. கல்லூரிக் கபடி அணியில் பாடிப் போகிறவள், அவர்கள் பாஷையில் ரெய்டர். கண்ணாடி இல்லாமல் எதிரே நிற்பவர் முகம் தெரியாது. காண்டாக்ட் லென்ஸ் போட்டு ஆடினால், நம் ஊர்க் கரிசல் புழுதி உள்ளே போய்க் கண் சிவந்துவிடும். "கால மட்டும் பார்த்து ஆடுறேன்க்கா. யாரு கை வருதுன்னு கடைசிலதான் தெரியுது" என்றாள். மூன்று மாதத்தில் ஒரு தேர்வு ஆட்டம் இருந்தது. அதில் எடுத்துவிட்டால் விளையாட்டு ஒதுக்கீட்டில் அரசு வேலை. அந்த வீட்டில் அதுவரை யாரும் அரசாங்கச் சம்பளம் வாங்கியதில்லை. தாத்தா காலம் வரை அடுத்தவர் காட்டில் கூலி வேலை. அம்மா மில்லுக்குப் போகிறார். அப்பா தங்கப்பாண்டி அருப்புக்கோட்டையில் டிராக்டர் டிரெய்லர் அடிக்கும் வெல்டிங் பட்டறை வைத்திருக்கிறார்.

மதுரையில் லேசர் செய்கிற டாக்டரம்மா அவளைப் பார்த்தார். என்னைவிட இருபது வயது சின்னவர். அவரிடம் நான் கற்றுக்கொண்டது, என் வயதுக்காரர்களிடம் கற்றதைவிட அதிகம். "கபடி ஆடுற பொண்ணு. கண்ணுல கை படும், முழங்கை படும். கருவிழியில மூடி மாதிரி வெட்டித் தூக்கிப் பண்ற முறை வேண்டாம், அடி பட்டா அது நகர்ந்திரும். மேல்தோலை மட்டும் எடுத்துட்டுப் பண்ணலாம். வலி கூடத்தான் இருக்கும். ஆனா ஆறிட்டா உறுதி" என்றார்.

அந்த வலியை எடுத்துச் சொல்லும் பொறுப்பு எனக்கு. கிளையில் அப்பாவையும் மகளையும் உட்கார வைத்து என் பேச்சை முழுதாகப் பேசினேன். தங்கப்பாண்டி கையெல்லாம் தீப்பொறித் தழும்பு. குறுக்கே ஒரு வார்த்தை பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தவர், கடைசியில் ஒன்றே ஒன்று கேட்டார்.

"வலிக்கும் வலிக்கும்னு சொல்றீகளே சிஸ்டரம்மா, அது கண்ணுல வெல்டிங் வெளிச்சம் அடிச்ச மாதிரியா?"

கண்ணாடி போடாமல் வெல்டிங் தீயைப் பார்த்துவிட்டால், சில மணி நேரம் கழித்துக் கண்ணைத் திறக்க முடியாத எரிச்சல் வரும். அதுவும் கருவிழியின் மேல்தோல் வெந்துபோவதால் வருவதுதான். ஆகா, எவ்வளவு புரிந்துகொள்கிறார் என்று எனக்குச் சந்தோஷம்.

"ஆமாண்ணே, கிட்டத்தட்ட அதே மாதிரிதான்."

அவர் முகம் அப்படியே தெளிந்துவிட்டது. "அப்ப கவலையே இல்ல. அது எனக்குத் தெரிஞ்ச வலிதான். நான் பார்த்துக்கிறேன்" என்றார்.

எப்படிப் பார்த்துக்கொள்வீர்கள் என்று நான் கேட்டிருக்க வேண்டும். இரண்டே வார்த்தை. கேட்கவில்லை. நல்ல தகப்பன் என்று நினைத்துக்கொண்டு அடுத்தவரைக் கூப்பிட்டேன்.

லேசர் நன்றாக நடந்தது. உள்ளே போகும் முன் கண்ணை மரத்துப்போக வைக்கும் சொட்டை நான்தான் போட்டேன். இருபது எண்ணுவதற்குள் அவள் முகத்திலிருந்த இறுக்கம் போய்விட்டது. "எங்கக்கா என் கண்ணு? இருக்கா?" என்று கேலி பண்ணினாள். வெளியே வந்ததும், "அந்த வாடையெல்லாம் ஒண்ணுமில்ல, எங்கப்பா பட்டறையில இதைவிட மோசமா வரும்" என்றாள். கறுப்புக் கண்ணாடி, மருந்துப் பை, மாத்திரை, நேரம் குறிக்கும் தாள் எல்லாம் கொடுத்துக் காரில் அனுப்பிவைத்தேன்.

அன்று சாயங்காலம் போன் பண்ணினேன். உறுத்தல், கண்ணீர். நான் சொன்னபடிதான். மாத்திரை போடச் சொன்னேன், மூடிய இமை மேல் சில்லென்ற துணி வைக்கச் சொன்னேன். மறுநாள் காலை அழுதாள். அதுவும் நான் சொன்னபடிதான். மதியம் மறுபடி கூப்பிட்டேன்.

"வலியே இல்லக்கா!"

குரலில் அப்படி ஒரு உற்சாகம். "நெசமாவா?" என்றேன். "சத்தியமாக்கா. போன்ல பழைய மேட்சு பார்த்துக்கிட்டு இருக்கேன்." வலியின் உச்சியில் இருக்க வேண்டிய நேரம் அது. வெளிச்சத்தைப் பார்க்க முடியாமல் இருட்டு அறையில் சுருண்டு கிடக்க வேண்டியவள் போனில் மேட்ச் பார்க்கிறாள். எனக்கு ஒரு சந்தேகம்கூட வரவில்லை. விளையாட்டுப் பிள்ளை, உடம்பில் உரம் இருக்கிறது என்று நினைத்தேன். அதைவிடக் கேவலம், என் பேச்சு அவ்வளவு தைரியம் கொடுத்திருக்கிறது என்று நினைத்தேன். போன் பதிவேட்டில் என் கையால் "வலி இல்லை. நன்று" என்று எழுதி ஒரு டிக்கும் போட்டேன். மூன்றாம் நாளும் அதே. நான்காம் நாளும் அதே.

ஐந்தாம் நாள் அவர்கள் வரவில்லை. தங்கப்பாண்டிதான் கூப்பிட்டார்.

"எம்.ரெட்டியபட்டிக்கு ஒரு டிரெய்லர் கொண்டுபோய் விடணும் சிஸ்டரம்மா. பிள்ளைக்குத்தான் வலியே இல்லையே. ரெண்டு நாள் கழிச்சு கூட்டிக்கிட்டு வரட்டா?"

இந்த இடத்தை நீங்கள் காதைத் தீட்டிக் கேளுங்கள். நான் சரி என்றேன். அப்படிச் சொன்னது நான்தான். வலி இருந்திருந்தால் விட்டிருக்க மாட்டேன்.

ஏழாம் நாள் காலை பத்து மணி. கிளை வாசலில் ஷேர் ஆட்டோ வந்து நின்றது. அப்பாவின் தோளைப் பிடித்துக்கொண்டு, தலையைக் குனிந்தபடி, முகத்தை ஈரத்துண்டால் பொத்திக்கொண்டு மீனா இறங்கினாள். ஏழாம் நாள் வருகிறவர்கள் நிமிர்ந்து நடந்து வருவார்கள், சுவரில் இருக்கிற போர்டெல்லாம் படித்துக்கொண்டு வருவார்கள்.

உட்கார வைத்து, துண்டை விலக்கிக் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினேன். இமை வீங்கியிருந்தது. வெள்ளைவிழி ரத்தச் சிவப்பு. டார்ச் அடித்தேன். கருவிழியில் ஒரு வெள்ளை வளையம் நின்றது. பால் குடித்துவிட்டுக் கழுவாமல் வைத்த டம்ளரின் அடியில் வட்டம் நிற்குமே, அந்த மாதிரி. அடுத்த கண்ணில் அடித்தேன். அதிலும் அதே வட்டம். இரண்டு கண்ணிலும்! முப்பது வருஷத்தில் நான் அப்படிப் பார்த்ததில்லை. கிருமி என்றால் பெரும்பாலும் ஒரு கண்ணில் வரும். இரண்டிலும் ஒரே அச்சில் வார்த்த மாதிரி எப்படி வரும்?

"என்னம்மா போட்டீங்க கண்ணுல?"

"நீங்க குடுத்ததுதான்க்கா." பையைக் கவிழ்த்தாள். எல்லாம் நாங்கள் கொடுத்ததுதான். நேரம் குறிக்கும் தாளில் ஒரு வேளைகூட விடாமல் டிக் இருந்தது.

அப்போதே அவளுக்கு வலி ஏறிவிட்டது. "ப்பா... ப்பா..." என்று நாற்காலிக் கையை இறுக்கினாள். "பொறு தாயி, பொறு" என்று தங்கப்பாண்டி சட்டைப் பைக்குள் கையை விட்டார். ஒரு சின்னப் புட்டி. மேலே ஒட்டிய தாள் கிரீஸ் பட்டு அழிந்துபோயிருந்தது. ஒற்றைப் பெருவிரலால் மூடியைத் தள்ளினார். அவ்வளவு பழக்கம் அந்தக் கைக்கு. நான் தடுக்க வாயெடுப்பதற்குள் கண்ணுக்கு ஒரு சொட்டு விட்டுவிட்டார்.

இருபது எண்ணியிருக்க மாட்டேன். மீனாவின் விரல்கள் தளர்ந்தன. நெற்றிச் சுருக்கம் போனது. "இப்ப பரவால்லப்பா" என்றாள்.

அந்த முகத்தை நான் ஆயிரக்கணக்கான தடவை பார்த்திருக்கிறேன், லேசர் அறை வாசலில். ஒரே ஒரு மருந்துதான் அந்த முகத்தைக் கொடுக்கும்.

"அண்ணே, அது என்ன?"

"இதுவா? வெல்டிங் சொட்டு சிஸ்டரம்மா." ரகசியம் எதுவும் இல்லை அவரிடம். "கண்ணுல வெளிச்சம் அடிச்சா போடுறது. மெடிக்கல்ல கேட்டா குடுத்துருவாக. எல்லாப் பட்டறையிலயும் சுத்தியலு கிடக்குதோ இல்லையோ, இது கிடக்கும். நான் இருவது வருசமா போடுறேன். நீங்கதான அதே வலின்னு சொன்னீக? ரெண்டாம் நாளு பிள்ள கெடந்து துடிச்சா. அதான் போட்டேன், சுவிட்ச அமத்துன மாதிரி போயிருச்சு."

"எத்தனை தடவை போடுறீங்க?"

"மொத நாளு நாலு தடவ. அப்புறம் மணிக்கு ஒண்ணு. இப்ப கால் மணிக்கே கேக்குறா. அதான் என்னன்னு தெரியல."

பிள்ளைகளே, இதை உங்களுக்குப் பாடத்தில் சொல்லியிருப்பார்கள். ஆனாலும் சொல்கிறேன். மரத்துப்போக வைக்கும் சொட்டு, அறுவை நடக்கிற சில நிமிஷத்துக்கு மட்டும்தான். அது வலியை நிறுத்தும்போதே புதுத் தோல் வளர்வதையும் நிறுத்திவிடும். கண் சிமிட்டாது, கண்ணீர் சுரக்காது. ஆறாத காயம் மேலும் வலிக்கும். மேலும் வலித்தால் மேலும் சொட்டு. அந்தப் பெண்ணின் கண்ணை ஆறு நாளாக அவள் அப்பா அன்பாகக் கரைத்துக்கொண்டிருந்தார். நான் தினமும் போன் பண்ணி, நன்று என்று எழுதிக்கொண்டிருந்தேன்.

எனக்கு வந்த கோபத்துக்கு அவரை உலுக்கியிருப்பேன். "என்னய்யா பண்ணி வச்சிருக்க!" என்று நாக்கு நுனி வரை வந்துவிட்டது. ஆனால் மதுரை போய்ச் சேர ஒரு மணி நேரம் அந்தப் பெண் தாங்க வேண்டும். அவள் பிடித்துக்கொள்ள இருப்பது இந்த மனுஷனின் தோள் ஒன்றுதான். அதை நான் அங்கேயே உடைத்துப் போட்டால் காரில் இரண்டு பேரை எப்படித் தூக்கிக்கொண்டு போவேன்? கோபத்தை விழுங்கினேன். அப்படி விழுங்கியதில் எனக்கு வருத்தமில்லை.

டாக்டரம்மாவுக்குப் போன் போட்டேன். "புட்டியை வாங்கி வச்சுக்கோங்கக்கா. இனி ஒரு சொட்டுகூட வேண்டாம். லென்ஸைத் தொடாதீங்க, நான் எடுத்து லேபுக்கு அனுப்பணும். வலி மாத்திரை கொடுத்துட்டு உடனே கிளம்புங்க" என்றார்.

கையை நீட்டினேன். தங்கப்பாண்டி என்னைப் பார்த்தார். "இதுல எதுவும் தப்பாயிருச்சா?"

"இதை டாக்டர் பார்க்கணும்ணே. குடுங்க."

காரில் அவள் நடுவில், நாங்கள் இரண்டு பக்கம். பாளையம்பட்டி தாண்டுமுன் அவள் நெளிய ஆரம்பித்தாள். சொட்டின் வேகம் அடங்கிக்கொண்டிருந்தது. அதற்குப் பிறகு அவள் போட்ட சத்தத்தை என்னால் எழுதிக் காட்ட முடியாது. "அக்கா, ஒரே ஒரு சொட்டு. காலைத் தொட்டுக் கும்பிடுறேன்" என்றாள். நிஜமாகவே குனிந்து என் காலைத் தேடினாள். புட்டி என் மடியில் கைப்பைக்குள் இருந்தது.

"ஒண்ணே ஒண்ணு சிஸ்டரம்மா" என்றார் தங்கப்பாண்டி. "மதுர போற வரைக்கும். செத்துருவா போல இருக்கு."

"முடியாதுண்ணே."

"உங்க வயித்துல பிறந்த பிள்ளையா இருந்தா இப்படிக் கல்லு மாதிரி உக்காந்திருப்பீகளா?" மீனாதான் கேட்டாள். "நீங்களும் ஒரு பொம்பளையா?"

என் வேலையே வலியைக் குறைப்பதுதான். அதற்கான மருந்து என் மடியில் இருக்கிறது. இருபது எண்ணினால் அந்தச் சத்தம் நின்றுவிடும். கொடுத்துவிடலாம், ஒரு சொட்டில் என்ன ஆகிவிடும் என்று நானும் நினைத்தேன். நினைக்கவில்லை என்று சொன்னால் பொய். இரண்டு கையாலும் பையின் ஜிப்பைப் பிடித்துக்கொண்டு நானும் அழுதேன்.

காரியாபட்டியில் காரை நிறுத்தி ஒரு கடையில் உறைந்த தண்ணீர் பாட்டில் வாங்கினேன். துண்டில் சுற்றி மூடிய இமை மேல் லேசாக வைத்தேன். பிறகு கேட்டேன். "மீனா, ஒரு ரெய்டு எவ்வளவு நேரம்?"

"முப்பது செகண்டு" என்றாள் பல்லைக் கடித்துக்கொண்டு.

"எனக்கு மதுரை வரைக்கும் தாங்க வேண்டாம். ஒரு ரெய்டு தாங்கு. பாடு."

என்னைத் திட்டப்போகிறாள் என்றுதான் நினைத்தேன். மூச்சை இழுத்தாள். "கபடி கபடி கபடி கபடி..." கார் முழுக்க அந்தச் சத்தம். தங்கப்பாண்டி மணிக்கட்டு வாட்ச்சைக் கண்ணுக்குப் பக்கத்தில் தூக்கிப் பிடித்துக்கொண்டு நொடி எண்ணினார். முப்பது வந்ததும் "வந்துட்ட தாயி, கோட்டைத் தொட்டுட்ட" என்றார். கொஞ்சம் அழுவாள். மறுபடி பாடுவாள். ஆஸ்பத்திரி வாசல் வரை எத்தனை ரெய்டு என்று எனக்குத் தெரியாது. நடுவில் ஒரு முறை தங்கப்பாண்டி, அவள் காதில் விழாமல் என்னைக் கேட்டார். "நான் போட்டதுனாலயா சிஸ்டரம்மா?"

"முதல்ல கண்ணைக் காப்பாத்துவோம்ணே" என்றேன். அவருக்குப் புரிந்துவிட்டது. மறுபடி வாட்ச்சைத் தூக்கிப் பிடித்தார், எண்ணுவதை நிறுத்தவில்லை.

டாக்டரம்மா லென்ஸை எடுத்தார், புண்ணைச் சுரண்டி எடுத்து லேபுக்கு அனுப்பினார், இரண்டு கண்ணுக்கும் மருந்து ஆரம்பித்து வார்டில் சேர்த்தார். தங்கப்பாண்டியிடம் உண்மையை அவரே சொன்னார். சத்தம் போடாமல், எதையும் மறைக்காமல் சொன்னார். பார்வை திரும்புமா என்று கேட்டதற்கு, இப்போது சொல்ல முடியாது என்றார். பிறகு என்னைத் தனியாகக் கூப்பிட்டு, கிளையிலிருந்து போனில் அனுப்பச் சொல்லி வாங்கிய பதிவேட்டுப் பக்கத்தைக் காட்டினார். என் கையெழுத்து. "வலி இல்லை. நன்று."

"ரெண்டாம் நாள் மதியம் வலியே இல்லைன்னு சொன்னப்ப நீங்க நம்பிட்டீங்களாக்கா?"

"நம்பினேன் டாக்டர். எனக்குக் கேக்க ஆசையா இருந்த பதில் அது."

அவர் திட்டவில்லை. திட்டியிருக்கலாம். வெல்டிங் வெளிச்சம் மாதிரியா என்று தங்கப்பாண்டி கேட்டதையும், நான் ஆமாம் என்றதையும் சொன்னேன். டாக்டரம்மா பதிவேட்டுப் பக்கத்தை மறுபடி படித்தார். பிறகு, "நம்ம கேள்வித்தாள்ல வலி இருக்கான்னு மட்டும்தான் இருக்கு. இல்லைன்னா ஏன் இல்லைன்னு கேக்க ஒரு கட்டம் இல்ல" என்றார். இப்போது உங்கள் தாளில் இருக்கிற இரண்டாவது கேள்வி, நாங்கள் கொடுக்காத எதையாவது போட்டீர்களா, வீட்டில் வேறு சொட்டு இருக்கிறதா என்ற கேள்வி, அன்றைக்கு வந்ததுதான். அதை டிக் அடித்துத் தாண்டிப் போகிற பிள்ளைகள் இருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டேன். யாரென்று தெரிந்தால் நேரே வந்து காதைத் திருகுவேன்.

இரண்டு நாள் அவள் பட்ட பாட்டைப் பார்க்க முடியவில்லை. மாத்திரை, சில்லென்ற துணி, இருட்டு அறை, அப்பாவின் எண்ணிக்கை. அவ்வளவுதான் எங்களால் கொடுக்க முடிந்தது. லேபில் கிருமி எதுவும் இல்லை என்று வந்தது. வார்டில் சேர்த்த மூன்றாம் நாள் காலை நான் போனபோது, "வலிக்குதுக்கா. ஆனா நேத்து மாதிரி இல்ல" என்றாள். அந்த வாக்கியத்தை நேரத்தோடு எழுதி வைத்தேன். தோல் வளர ஆரம்பித்துவிட்டது. வளையம் வாரக் கணக்கில் மெல்ல மெல்ல மங்கியது.

இரண்டு மாதம் கழித்து மதுரையில் பரிசோதனை. நானும் போயிருந்தேன். இடது கண்ணால் கடைசி வரி வரை படித்தாள். வலது கண்ணில் லேசாக ஒரு புகை நின்றுவிட்டது, இரண்டு வரி தெரியவில்லை. அது இன்னும் குறையலாம், அப்படியே நின்றும் போகலாம் என்றார் டாக்டரம்மா. தேர்வு ஆட்டத்துக்குப் போகலாம் என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். மீனா என்னைக் கட்டிக்கொண்டாள். "காருல உங்கள என்னென்னமோ பேசிட்டேன்க்கா" என்றாள். பேசினாள்தான். அதில் ஒன்றைக்கூட நான் மறக்கவில்லை என்றேன். சிரித்தாள்.

கிளம்பும்போதுதான் அவள் சொன்னாள். "டாக்டர், எங்கப்பா கண்ணையும் ஒருக்கா பாருங்க. அளவு டேப்ப மூக்குகிட்ட வச்சு அளக்குறாரு. அந்தச் சொட்ட நிறுத்தியாச்சு. ஆனா ஏதோ சரியில்ல."

"எனக்கென்ன சிஸ்டரம்மா? ஒரு வலியும் இல்ல" என்றார் தங்கப்பாண்டி.

டாக்டரம்மாவும் நானும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். இருபது வருஷம் அந்தச் சொட்டு விழுந்த கண் அது. காரில் வாட்ச்சைக் கண்ணுக்குப் பக்கத்தில் தூக்கிப் பிடித்திருந்தாரே, அது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

நாற்காலியில் உட்கார வைத்து நேராகப் பார்க்கச் சொன்னார் டாக்டரம்மா. பஞ்சைத் திரித்து நூல் மாதிரி நுனி எடுத்தார். அந்த நுனியைக் கருவிழிக்குப் பக்கம் கொண்டுபோனாலே நாமெல்லாம் இமையை மூடிவிடுவோம். பட்டால் நாற்காலியை விட்டே எழுந்துவிடுவோம். "இப்ப உங்க கண்ணைத் தொடப்போறேன், பட்டதும் சொல்லுங்க" என்று பக்கவாட்டிலிருந்து கொண்டுபோனார். மீனா அப்பாவின் பக்கத்தில் குனிந்து நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

பஞ்சு நுனி கருவிழியின் நடுவில் பட்டு வளைந்தது. இமை அசையவில்லை. டாக்டரம்மா எடுத்து மறுபடி வைத்தார். மறுபடியும் வளைந்தது. தங்கப்பாண்டி நல்ல பிள்ளையாக நேரே பார்த்தபடி காத்துக்கொண்டிருந்தார்.

"நான் ரெடிதான்" என்றார். "எப்ப தொடுவீக டாக்டரம்மா?"

மீனா வாயைப் பொத்திக்கொண்டு என்னைத் திரும்பிப் பார்த்தாள்.